தெருவுக்குக் கூரை போட்ட ஊர்

(சங்கத்தின் நூற்றாண்டு விழாவில் பழைய மாணவி ஒருவர் ஆற்றிய உரை)



பருத்தித்துறை நகரின் பழைய கட்டடங்களைப் பற்றிப் பேசும்படி சங்கத்தினர் கேட்டார்கள். நேரம் குறைவு. ஆகவே தும்பளை வீதியிலுள்ள தெருமூடிமடத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

மடங்கள் வழக்கமாக வீதியோரத்தில் இருக்கும். இதுவோ வீதியின் இரு பக்கமும் கற்றூண்களும் திண்ணைகளுமாக அமைந்து, நடுவே வீதிக்கும் சேர்த்துக் கூரை போட்டிருக்கிறது. அதனால்தான் அந்தப் பெயர். வண்டில் கூரையின் கீழாகவே போகும். நடந்து களைத்தவர் திண்ணையில் இருந்து ஆறிப் போவார்.

குடாநாட்டின் பழைய பாதைகளில் மடத்துக்குத் துணையாகக் கேணி, சுமைதாங்கி, ஆவுரோஞ்சிக்கல் என்பனவும் இருந்தன. வழிப்போக்கருக்கு நிழல், மாட்டுக்குத் தண்ணீர், தலைச்சுமையை இறக்கி வைக்க ஒரு மேடை, மாடு உடம்பை உரசிக்கொள்ள ஒரு கல். வயிற்றில் பிள்ளையோடு இறந்துபோன பெண்ணின் நினைவாகச் சுமைதாங்கி கட்டும் வழக்கமும் எம்மவரிடம் இருந்தது. மற்றவர் சுமை அங்கே இறங்க, அவளுடைய சுமையும் இறங்கும் என்பது நம்பிக்கை. பெயர்கூடத் தெரியாத அந்தப் பெண்களுக்கு எஞ்சியிருப்பது அந்தக் கல் ஒன்றுதான்.

வீதி அகலிப்பிலும் போரிலும் இவற்றுள் பல அழிந்துவிட்டன. இப்போது எனக்குள்ள கவலை, நல்ல மனதோடு செய்யப்படும் திருத்த வேலைகளைப் பற்றியது. எங்கள் பழைய கட்டடங்கள் சுண்ணக்கல்லாலும் முருகைக்கல்லாலும் சுண்ணாம்புச் சாந்தாலும் எழுந்தவை. அவை ஈரத்தை உறிஞ்சி, வெயிலில் வெளியே விடும். மேலே சீமெந்து பூசினால் ஈரம் உள்ளே அடைபடும். சில வருடங்களில் கல் உதிரத் தொடங்கும். வெளியே புதுசாகத் தெரியும் சுவர் உள்ளே அழிந்துகொண்டிருக்கும்.

சகோதரிகளே, ஊருக்கு நீங்கள் அனுப்பும் பணம் வியர்வை சிந்தி உழைத்த பணம். பழையதை இடித்துவிட்டு 'உபயம்' என்று பெயர் பொறிக்க அது போகவேண்டாம். ஒரு மடத்தையோ கேணியையோ திருத்த யாராவது உதவி கேட்டால், தொல்லியல் திணைக்களத்தின் ஆலோசனை பெற்றார்களா, சுண்ணாம்பு வேலை தெரிந்த மேசன் இருக்கிறாரா என்று முதலில் கேளுங்கள். அந்த இரண்டு கேள்விகளே ஒரு கட்டடத்தைக் காப்பாற்றக்கூடும்.

இன்னொன்று. உங்கள் வீட்டுப் பழைய அல்பங்களில், கலியாண ஊர்வலத்துக்குப் பின்னாலோ தேர்த் திருவிழாவுக்குப் பின்னாலோ இந்த ஊரின் பழைய கடைத்தெரு தெரியலாம். அவற்றின் பிரதிகளைச் சங்கத்துக்கு அனுப்புங்கள். எந்த இடம், எந்த ஆண்டு என்று பின்புறம் எழுதி அனுப்புங்கள். அதைச் சொல்லக்கூடிய அம்மாவோ அம்மம்மாவோ இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள்.

விழா முடிந்து பயணம் போகுமுன் பிள்ளைகளைத் தெருமூடிமடத்துக்குக் கூட்டிச் செல்லுங்கள். திண்ணையில் கொஞ்ச நேரம் இருக்க விடுங்கள். அது எதற்காகக் கட்டப்பட்டது என்று அவர்களுக்கு விளங்கும்.