கோர்ட்டு அவமதிப்பும் மன்னிப்புக் கடிதமும்
(தோட்டக் கிளைக் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



தோட்டத்தில் தகராறு என்றால், மறுநாள் பெரட்டில் மன்னிப்புக் கேட்டுத் தீர்த்துக்கொள்வது நம் வழக்கம். கோர்ட்டிலும் அப்படித்தான் என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். வழக்கில் தோற்ற ஆத்திரத்தில், நீதிபதி முதலாளி பக்கம் சாய்ந்துவிட்டார் என்று மேடையிலோ கைப்பேசியிலோ சொல்லிவிடுகிறோம். ஒரு ‘சாரி’ போதும் என்று நினைப்பு!

நமது கூட்டரசு அரசியலமைப்பின் 126ஆம் பிரிவு, உயர் நீதிமன்றத்துக்கும் அதற்கு மேற்பட்ட நீதிமன்றங்களுக்கும் அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரம் தந்திருக்கிறது. 2019 ஏப்ரலில், இரண்டு கட்டுரைகளுக்காக ஒரு வழக்கறிஞருக்குக் கூட்டரசு நீதிமன்றம் 30 நாள் சிறையும் 40,000 ரிங்கிட் அபராதமும் விதித்தது. சட்டம் படித்தவருக்கே அந்தக் கதி.

மன்னிப்பு எந்த அளவுக்கு உதவும்? இந்திய வழக்குகளைப் பார்த்தால் தெளிவாகும். இரு நாட்டுச் சட்டமும் ஆங்கிலேயர் விட்டுச்சென்ற ஒரே வேரில் முளைத்தவை. அங்கே 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, மன்னிப்பு கோர்ட்டுக்குத் திருப்தியளித்தால் தண்டனையை நீக்கலாம். நீக்கியே ஆகவேண்டும் என்றில்லை.

2019இல் ராகுல் காந்தி, தமது அரசியல் முழக்கத்தை உச்ச நீதிமன்றமே சொன்னதுபோல் பேசிவிட்டார். முதலில் ‘வருந்துகிறேன்’ என்று மட்டும் எழுதிக் கொடுத்தார், கோர்ட்டு திருப்தியடையவில்லை. மே மாதம் நிபந்தனையற்ற மன்னிப்புக் கோரினார். நவம்பரில் எச்சரிக்கையோடு விட்டார்கள். ஆகவே கிராணிமார்கள் கடிதம் எழுதிக் கொடுக்கும்போது கவனிக்க வேண்டும்: ‘சொன்னது சரிதான், ஆனாலும் மன்னிக்கவும்’ என்ற கடிதம் செல்லாது. நியாயம் பேசுவதும் மன்னிப்புக் கேட்பதும் ஒன்றாக நிற்காது என்று அந்த உச்ச நீதிமன்றம் 1950களிலேயே சொல்லிவிட்டது.

அப்படியானால் எப்போதும் பணிந்துவிட வேண்டியதுதானா? 1967இல் கேரள முதலமைச்சர் இ.எம்.எஸ். நம்பூதிரிபாடு, நன்றாக உடுத்திய பணக்காரனுக்கும் எழுத்தறியாத ஏழைக்கும் வழக்கு வந்தால் நீதிபதியின் மனம் பணக்காரன் பக்கமே சாயும் என்றார். நம் நெஞ்சிலும் உள்ள பேச்சுதான். உயர் நீதிமன்றம் 1,000 ரூபாய் அபராதம் போட்டது. அவர் மன்னிப்புக் கேட்காமல் மார்க்ஸைக் காட்டி வாதாடினார். 1970இல் உச்ச நீதிமன்றம், அவர் மார்க்ஸைச் சரியாகப் புரிந்துகொள்ளவில்லை என்று சொல்லி (நீதிபதிகள் மார்க்ஸ் பாடம் எடுத்தது வேடிக்கைதான்), குற்றத்தை உறுதிசெய்து அபராதத்தை 50 ரூபாயாகக் குறைத்தது. 2020இல் வழக்கறிஞர் பிரசாந்த் பூஷணும் மன்னிப்புக் கேட்க மறுத்தார்; அபராதம் 1 ரூபாய். ஆனால் அவர்கள் நாடறிந்தவர்கள். பால்வெட்டுத் தொழிலாளிக்கும் 1 ரூபாய்தான் என்று யாரும் உறுதி கூற முடியாது.

உத்தரவை மீறிய அவமதிப்பு வேறு. மறியலுக்குத் தடை வந்தபின், மறியலில் நின்றுகொண்டே மன்னிப்புக் கடிதம் எழுதிப் பயனில்லை. முதலில் உத்தரவுக்குப் பணிய வேண்டும். நிர்வாகத்துக்கும் இதே சட்டந்தான். தோட்ட வீட்டைத் தொடக்கூடாது என்று நாம் தடையுத்தரவு வாங்கிய பிறகு, கூரையைப் பிரித்துவிட்டு நிர்வாகம் மன்னிப்புக் கேட்டால், கூரையைப் போட்டுவிட்டு வந்து கேட்கட்டும் என்று நம் வழக்கறிஞர் கோர்ட்டில் சொல்லலாம், சொல்லவும் வேண்டும்.