வெள்ளி நாவும் தாய்மொழியும்

(ஒரகடம் – திருப்பெரும்புதூர்ப் பகுதித் தொழிலாளரிடையே நிகழ்த்தப்பெற்ற உரை)



ஆசிரியராய்த் தொடங்கி அரசியலுள் நுழைந்து, நாவாலும் எழுதுகோலாலும் ஆங்கிலப் பேரரசையே செவிசாய்க்க வைத்த தமிழ்நாட்டார் ஒருவர் உண்டு. அவர் வலங்கைமான் சீனிவாச சாத்திரியார். அவர் வாழ்க்கையில் தமிழர் போற்றுதற்கு உரியதும் உண்டு. விழிப்புறுதற்கு உரியதும் உண்டு.

1869இல் வலங்கைமானில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். குடந்தையில் கற்றார். மாயூரத்திலும் சேலத்திலும் ஆசிரியப்பணி ஆற்றி, 1894இல் திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியின் தலைமையாசிரியரானார். 1904இல் திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கம் தோன்றியபோது முன்னின்றோருள் அவரும் ஒருவர்.

பள்ளியைத் துறந்து, கோகலே நிறுவிய இந்திய ஊழியர் கழகத்தில் 1907இல் சேர்ந்தார். 1915இல் கோகலே மறைந்தபின் அதன் தலைவரானார். 'இந்திய ஊழியன்' எனப் பொருள்படும் ஆங்கிலக் கிழமையிதழை 1918இல் தொடங்கி நாட்டு நடப்பை அலசினார். 1919இல் இரௌலட்டுச் சட்டத்தை எதிர்த்து அவர் ஆற்றிய உரை புகழ்பெற்றது. ஆயினும், காந்தியடிகளின் நண்பராய் இருந்தும் ஒத்துழையாமையை அவர் ஏற்கவில்லை. பேரரசின் குடைக்கீழ் மெல்ல மெல்லப் பெறும் உரிமையே போதும் என்னும் பழமை பேணும் தாராண்மையராகவே நின்றார்.

1927 முதல் 1929 வரை தென்னாப்பிரிக்காவில் இந்திய அரசின் பேராளராய் இருந்தார். 1860 முதல் கூலிகளாய்க் கொண்டுசெல்லப்பட்ட மக்களுள் தமிழர் மிகப் பலர். அவர்தம் மக்கள் கல்வி பெறத் தர்பன் நகரில் எழுந்த கல்லூரி இன்றும் அவர் பெயர் தாங்கி நிற்கிறது. இத்தொண்டை மறுப்பது நன்றியின்மையாகும்.

ஆனால், தோழர்களே! 'வெள்ளி நாவினர்' என வெள்ளையர் பாராட்டிய அந்நா எம்மொழிக்குப் பயன்பட்டது? ஆங்கிலத்தில் ஓர் ஒலி பிறழினும் பொறாதவர் அவர். 1935 முதல் 1940 வரை அண்ணாமலைப் பல்கலைக்கழகத் துணைவேந்தராய்த் தில்லை மண்ணில் வாழ்ந்தார். 1940இல் அறிவியற் கலைச்சொற்களுக்கு நெறி வகுக்கச் சென்னை அரசு அமைத்த குழுவுக்கும் அவரே தலைவர். அக்குழு வடமொழிச் சார்புடையது என்னும் எதிர்ப்புத் தமிழுலகில் மூண்டது.

அவ்வெதிர்ப்பு வெறுங்கூச்சலன்று. சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம் 1938இலேயே கலைச்சொல் தொகுப்பை வெளியிட்டுக் காட்டியிருந்தது. அதற்கு முந்தைய நூற்றாண்டிலேயே யாழ்ப்பாணத்து மானிப்பாயில் அமெரிக்க மருத்துவர் கிறீன் தமிழில் மருத்துவம் கற்பித்திருந்தார். இ.மு. சுப்பிரமணியனார் முன்னின்று சங்கத்தின் முறையீட்டைக் குழுவின்முன் வைத்தார். குழு திருத்தியமைக்கப்பட்டது, தமிழ்ச்சார்புடையோர் அதில் இடம்பெற்றனர். செய்து காட்டியவர் கேட்டதனாலேயே அரசு செவிசாய்த்தது. சாத்திரியார் 1946இல் மறைந்தார். அவர் தலைமையேற்ற குழுவின் வழக்கோ இன்னும் தீர்ந்தபாடில்லை.

எங்கே தீரவில்லை? இதோ, இம்மண்ணில்! இராமானுசர் பிறந்த ஊரைச் சுற்றி இன்று ஆலைகள். இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் மகிழுந்துகள் உருவாகின்றன. ஒரகடத்தில் 2010இல் இன்னொரு பேராலை எழுந்தது. 2006இல் வந்த நோக்கியா கைப்பேசி ஆலை 2014இல் மூடப்பட்டது. ஆலைகள் வரும், போகும்; உழைக்கும் கைகள் இங்கேயே இருக்கும். அக்கைகளைக் காக்கும் எச்சரிக்கை எம்மொழியில் இருத்தல் வேண்டும்? பெரும்பான்மைத் தொழிலாளர் அறிந்த மொழியிலும் அறிவிப்பு இருத்தல் வேண்டும் என 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டமே விதித்தது. "மின்னோட்டம் உள்ளது, தொடாதே" என்பது பதவிக்காகக் கேட்கும் மொழியுரிமையன்று, உயிருக்காகக் கேட்பது. வடபுலத்திலிருந்து வந்து உழைப்பவர்க்கும் அவர்தம் மொழியில் அவ்வெச்சரிக்கை கிடைக்கட்டும். தமிழன் தனக்குக் கேட்பதைப் பிறர்க்கு மறுப்பவனல்லன்.

சொல்லில்லை என்பார் உளர். திருகாணி, புரி, கடைசல், நெம்புகோல், தமர், இழைப்புளி! இவை பல்கலைக்கழகத்தில் பிறந்தவையல்ல. கொல்லர், தச்சர் பட்டறைகளில் வழங்கியவை. உழைப்பவன் நாவே சொல் விளையும் நிலம்.

ஆகவே, ஒவ்வொரு தொழிலாளியும் தம் பொறியின் உறுப்புகளுக்கு வழங்கும் சொற்களைக் குறித்துத் தொகுக்க வேண்டும். இல்லாதவற்றுக்குத் தமிழ் கற்றாரை நாட வேண்டும். தமிழ் எச்சரிக்கைப் பலகையை நிறுவனத்தாரிடம் எழுத்து வழியே கேட்க வேண்டும். அன்று வென்ற வழி அதுவே. இன்றைக்கும் வழி அதுவே!

வாழ்க தமிழ்! வெல்க உழைப்பு!