கட்சி தாவினால் தீர்ப்பு எப்போது?



கொச்சங்காடி, கொச்சி மாநகராட்சியைச் சேர்ந்தது. சின்னத்தைப் பார்த்து மக்கள் ஓட்டுப் போடுகிறார்கள். வென்றவர் கட்சி தாவினால்?

கேரளத்தில் இதற்கு 1999-இல் சட்டம் வந்தது. சக உறுப்பினரோ கட்சியோ மாநிலத் தேர்தல் ஆணையத்தில் மனுக் கொடுக்கலாம். ஓட்டுப் போட்டவருக்கு அந்த உரிமை இல்லை! தாவியது உறுதியானால் பதவி போகும். 6 ஆண்டு உள்ளாட்சித் தேர்தலில் நிற்க முடியாது.

ஆனால் பதவிக்காலமே 5 ஆண்டுதான். வழக்கு இழுத்துக்கொண்டே போனால், பறிப்பதற்குப் பதவியே மிஞ்சாது. தாவியவர் கூட்டத்தில் கை தூக்குவார். அந்தக் கை மேயரையே மாற்றலாம்.

சட்டசபை உறுப்பினர் வழக்குகளில், சபாநாயகர் பொதுவாக 3 மாதத்துக்குள் முடிவு சொல்ல வேண்டும் என்று 2020-இல் மணிப்பூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025-இல் தெலங்கானா வழக்கிலும் அதே 3 மாதக் கெடு.

உள்ளாட்சி வழக்கு தேங்கினால் எர்ணாகுளம் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். காயலுக்கு அக்கரைதான். தாவினாரா இல்லையா என்ற விசாரணை ஆணையத்தின் வேலை. அதை முடிக்க நீதிமன்றம் நாள் குறிக்கலாம்.