மீதி எத்தனை மாதம்?

(நம் குடியிருப்போர் நலச் சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் வீட்டுக் கடன் பற்றி உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம். கூட்டத்துக்கு வர இயலாதவர்களுக்காக இங்கே தருகிறோம்.)



தெருவிளக்கு, குப்பை வண்டி, சாக்கடை அடைப்பு எல்லாம் பேசி முடித்த பிறகு என்னைக் கூப்பிட்டிருக்கிறீர்கள். காபி வருவதற்குள் முடித்துவிடுங்கள் என்று செயலாளர் காதில் சொல்லிவிட்டார். முயற்சி செய்கிறேன்.

பழனிசெட்டிபட்டியில் நம் தெருவில் கிரகப்பிரவேசம் என்றால் எல்லோரும் போகிறோம். பால் காய்ச்சுகிறோம், மொய் எழுதுகிறோம், மாடி ஏறிப் பார்க்கிறோம். "லோன் எவ்வளவு?" என்று கேட்கிறோம். "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்றும் கேட்கிறோம். "எத்தனை வருஷம்?" என்று கேட்பவர் குறைவு. "இப்போது மீதி எத்தனை மாதம்?" என்று கடன் வாங்கியவரே கேட்டுக்கொள்வதில்லை. அந்தக் கடைசிக் கேள்வியைப் பற்றித்தான் பேச வந்திருக்கிறேன்.

என்னை உங்களுக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். கூட்டுவட்டிக் கணக்கை எத்தனையோ வருடம் கரும்பலகையில் எழுதிப் போட்டவன். அப்படிப்பட்ட என் வீட்டிலேயே அந்தக் கணக்கு தப்பியது. அதனால்தான் இதைச் சொல்லும் உரிமை எனக்கு இருக்கிறது என்று நினைக்கிறேன்.

2021 டிசம்பர் கடைசியில் என் மகன் 30 லட்ச ரூபாய் வீட்டுக் கடன் வாங்கினான். 20 ஆண்டு, 7 சதவீத வட்டி. மாதத் தவணை 23,259 ரூபாய். கூட்டுக் கடனாளராக நானும் கையெழுத்துப் போட்டேன். நம் பக்கத்தில் வட்டியை "நூத்துக்கு எத்தனை ரூபா" என்றுதானே பேசுவோம்? அந்தக் கணக்கில் பார்த்தால் மாதம் நூற்றுக்கு 58 காசு. கைமாற்று வாங்கினால் நூற்றுக்கு இரண்டு ரூபாய், மூன்று ரூபாய் கேட்கிற ஊரில் 58 காசு என்றால் சந்தோஷமாகத்தானே இருக்கும்? நாங்களும் சந்தோஷமாகத்தான் இருந்தோம்.

அது மாறும் வட்டிக் கடன். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கின்றன. ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கொடுக்கும் குறுகிய காலக் கடனுக்கான வட்டிதான் ரெப்போ. அன்றைக்கு ரெப்போ 4 சதவீதம். அதற்கு மேல் வங்கியின் 3 சதவீதம். ஆக 7. மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டி திருத்தப்படும் என்று பத்திரத்தில் எழுதியிருந்தது. படித்தோம். ஆனால் அதன் பொருள் எங்களுக்கு அப்போது உறைக்கவில்லை.

2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்றத் தொடங்கியது. 2023 பிப்ரவரிக்குள் 4 சதவீதம் 6.50 சதவீதமாகிவிட்டது. செய்தித்தாளில் படித்தேன். வீட்டில் யாரும் பதறவில்லை. ஏனென்றால் வங்கிக் கணக்கிலிருந்து 5-ம் தேதி போகும் தொகை மாறவே இல்லை. அதே 23,259. "நம்ம தவணை ஏறலப்பா" என்று மகன் நிம்மதியாகச் சொன்னான். நானும் தலையாட்டினேன்.

தவணை ஏறவில்லை. மாதங்கள் ஏறின.

2023 ஜூலையில் வேறு ஒரு வேலைக்காகக் கடன் கணக்கு அறிக்கையை எடுத்தபோதுதான் பேப்பரும் பேனாவுமாக உட்கார்ந்தேன். முதல் ஆறு தவணை முடிந்தபோது மீதி 234 மாதம் இருக்க வேண்டும். 2022 ஜூலையில் வட்டி 7.9 ஆனபோது, அதே தவணையில் கடன் முடிய 278 மாதத்துக்கு மேல் ஆகும் என்று வந்தது. அக்டோபரில் 8.9 ஆனபோது 385 மாதம். 2023 ஜனவரியில் 9.25. அப்போது 494 மாதம், அதாவது 41 ஆண்டு. என் மகனுக்கு அப்போது வயது 32. 73 வயது வரை கட்ட வேண்டும்!

ஏப்ரலில் வட்டி 9.5 ஆனது. அப்போது நிலுவை அசல் 29,47,972 ரூபாய். அதற்கு ஒரு மாத வட்டி 23,338. நாங்கள் கட்டுவது 23,259. வட்டிக்கே 79 ரூபாய் போதவில்லை. அந்த 79 ரூபாயும் அசலில் ஏறியது. கடன் முடிய எத்தனை மாதம் என்று கணக்குப் போட்டால் விடையே வராது. எத்தனை ஆண்டு கட்டினாலும் அது தீராது.

79 ரூபாய்க்கு இன்று என்ன வாங்க முடியும்? ஆனால் அந்த 79 ரூபாயைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

என்ன செய்தோம் என்பதைச் சொல்லும் முன், வட்டி ஏறாத காலத்திலும் இந்தக் கடன் எப்படி வேலை செய்கிறது என்று பார்த்துவிடுவோம். 30 லட்சம், 20 ஆண்டு, 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்ளுங்கள். தவணை 26,035. இருபது ஆண்டில் கட்டுவது மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். அதாவது வீட்டுக்காக வாங்கிய கடனை விட வட்டி அதிகம்.

அந்த வட்டி 20 ஆண்டிலும் சமமாகப் பரவியிருப்பதில்லை. முதல் மாதம் கட்டும் 26,035-ல் 21,250 ரூபாய் வட்டி. அசலில் கழிவது 4,785 மட்டும். ஐந்து ஆண்டு முடியும்போது 15.62 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசலில் கழிந்திருப்பது 3.56 லட்சம். "அஞ்சு வருஷம் கட்டிட்டேன், கால்வாசி முடிஞ்சிருக்கும்" என்று நினைத்தால் ஏமாற்றம்தான். அசலில் பாதி கழியவே 13 ஆண்டு 10 மாதம் ஆகும். வங்கி இதில் ஏமாற்றவில்லை. மீதமுள்ள அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். ஆரம்பத்தில் அசல் பெரியது, வட்டியும் பெரியது. அவ்வளவுதான்.

இதைப் புரிந்துகொண்டால் ஒரு நல்ல செய்தியும் இதிலேயே இருக்கிறது. இதே கடனில் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டித் தவணையைக் குறைக்காமல் விட்டால், கடைசியில் 18 தவணை இல்லாமல் போகும். 4.70 லட்சம் ரூபாய் கட்ட வேண்டியதில்லை. அதே ஒரு லட்சத்தை 15 ஆண்டு முடிந்து கட்டினால் ஆறு தவணைகூட முழுதாகக் குறையாது. ஒரே பணம்தான். எப்போது கட்டுகிறோம் என்பதில் இருக்கிறது வித்தியாசம். போனஸ் வந்தாலும், சீட்டு எடுத்தாலும், ஏலக்காய் நல்ல விலைக்குப் போனாலும் வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வாருங்கள். 20 ஆண்டுக் கடன் 17 ஆண்டுக்குள் முடியும். வட்டியில் சுமார் 6 லட்சம் மிச்சம். தனிநபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது. ரிசர்வ் வங்கி 2012-லேயே வங்கிகளுக்கு அதைத் தடுத்துவிட்டது.

ஒரு எச்சரிக்கையும் சொல்கிறேன். கையில் இருப்பதையெல்லாம் கொண்டுபோய்க் கடனில் போட்டுவிட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்கு இரண்டு வட்டிக்கு ஓடக் கூடாது. நகையை அடகு வைத்துத் தவணை கட்டும் வீடுகளை நான் அறிவேன். ஆறு மாதத் தவணைக்கான பணத்தைத் தனியே வைத்துக்கொண்டு, அதற்கு மேல் இருப்பதைக் கட்டுங்கள்.

"வரி மிச்சம் ஆகுதே சார்" என்று சிலர் கேட்பார்கள். பழைய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. 20 சதவீத வரி கட்டுபவருக்கு அதனால் 41,600 ரூபாய் மிச்சமாகும். நான் சொன்ன கடனில் முதல் ஆண்டு வட்டி சுமார் 2.53 லட்சம். 41,600 மிச்சம் பிடிப்பதற்காக 2.53 லட்சம் கட்டுவது லாபமா? புதிய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அந்தக் கழிவும் இல்லை.

கண்ணில் படாத செலவுகளும் உண்டு. கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 15 லட்ச ரூபாய் மனைக்கே 1.35 லட்சம் கைக்காசு போய்விடும். பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கட்டணம், அசல் பத்திரத்தை வங்கியில் வைப்பதற்கான பதிவுச் செலவு என்று வரிசையாக வரும். கடன் காப்பீடு நல்லதுதான். ஆனால் கடன் கொடுப்பவர் காட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்பதில்லை. அந்தப் பிரீமியம் ஒரு லட்சத்தையும் கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 ஆண்டில் அதற்கு 2.08 லட்சம் கட்டுவீர்கள். 2024 அக்டோபர் 1 முதல் அனுமதியாகும் கடன்களுக்கு 'முக்கிய விவர அறிக்கை' என்று ஒன்றைக் கையெழுத்துக்கு முன் கட்டாயம் தர வேண்டும். எல்லாக் கட்டணமும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை சதவீதம் ஆகிறது என்று அதில் இருக்கும். விளம்பரத்தில் இருக்கும் வட்டியை விட்டுவிட்டு அந்த எண்ணைப் பாருங்கள்.

சரி, எங்கள் கதைக்கு வருகிறேன். 2023 ஜூலையில் கிளைக்குப் போனோம். மீதமுள்ள காலத்துக்குள் முடிக்க வேண்டுமானால் தவணை 28,000 ரூபாய்க்கு மேல் ஆகும். என் மகன் சம்பளத்துக்கு அது கழுத்தை நெரிக்கும். என் வைப்புநிதியிலிருந்து 2 லட்சம் எடுத்து அசலில் கட்டினோம். தவணையை 26,330 ஆக்கச் சொல்லி எழுதிக் கொடுத்தோம். அப்படிச் செய்ததும் கடன் மறுபடி 2041 டிசம்பரில் முடியும் கணக்குக்கு வந்தது.

அடுத்த மாதமே, 2023 ஆகஸ்ட் 18 அன்று, ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா, ஒரு பகுதியை முன்கூட்டிக் கட்டுவதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். காலத்தை நீட்டினாலும் வட்டிகூட அடையாத நிலை வரக் கூடாது. இதுவரை எவ்வளவு கட்டியிருக்கிறோம், மீதி எத்தனை தவணை என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும். இதெல்லாம் இப்போது உங்கள் உரிமை. ஆனால் வரும் அறிக்கையைப் பிரித்துப் பார்ப்பது உங்கள் வேலை.

பிறகு 2025-ல் வட்டி இறங்கியது. பிப்ரவரியில் 6.25, ஏப்ரலில் 6, ஜூனில் 5.50, டிசம்பரில் 5.25. "தவணையைக் குறைச்சுக்கலாமாப்பா?" என்று மகன் கேட்டான். வேண்டாம், 26,330 அப்படியே போகட்டும் என்றேன். நான்கு ஆண்டில் கட்டியது 14 லட்சம். கழிந்த அசல் 4.2 லட்சம். வயிறு எரியத்தான் செய்கிறது. ஆனால் இந்த ஜனவரிக் கணக்குப்படி மீதி 163 மாதம். முதலில் போட்ட திட்டப்படி 192 இருக்க வேண்டும். 29 மாதம் முன்னே வந்துவிட்டோம்.

கடன் முடிந்தால் வேலை முடிந்தது என்று இருந்துவிடாதீர்கள். முழுதும் அடைத்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அவர்கள் தரப்பில் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிந்து, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். கடன் நீங்கியதாக அதில் வந்தால்தான் வீடு முழுதும் உங்களுடையது. புகார் கொடுத்து 30 நாளில் வங்கி சரியான பதில் தராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். விவரம் கேட்க 14448. கடன் கொடுத்தது வீட்டுக் கடன் நிறுவனம் என்றால் தேசிய வீட்டுவசதி வங்கி.

காபி வந்துவிட்டது, வாசனை வருகிறது. வீட்டுக்குப் போனதும் ஒரே ஒரு காரியம் செய்யுங்கள். கடன் கணக்கு அறிக்கையை எடுங்கள். தவணைத் தொகையை விட்டுவிடுங்கள். மீதி எத்தனை மாதம் என்று பாருங்கள். அந்த மாதங்களை உங்கள் வயதோடு கூட்டுங்கள். வரும் விடை சரியாகப் படவில்லை என்றால் என் வீட்டுக்கு வாருங்கள். சாயங்காலம் ஆறு மணிக்கு மேல் திண்ணையில்தான் இருப்பேன். பேப்பரும் பேனாவும் என்னிடம் இருக்கிறது.