படிப்பும் சம்பளமும்

வைகாசி மாதம் பிறந்து பரீட்சை முடிவுகள் வெளியானதும், வெளி மாநிலங்களில் வாழும் தமிழ்க் குடும்பங்களில் ஒரே கேள்விதான் எழுகிறது. மேலே என்ன படிக்க வைப்பது? எந்தப் படிப்புக்கு என்ன சம்பளம் கிடைக்கும்? தில்லியில் மொழிபெயர்ப்பு உத்தியோகத்தில் இருக்கும் எங்களிடமும் இக்கேள்வி தவறாமல் வந்து சேரும். சர்க்காரின் வேலை விளம்பரங்களை மொழிபெயர்க்கிறவர்களுக்கு வேலை வாங்கித் தரவும் தெரியும் என்று அக்கம்பக்கத்தார் நம்புகிறார்கள். அந்த நம்பிக்கைக்கு ஆதாரம் ஏதுமில்லை. ஆயினும் விளம்பரங்களை வரி வரியாகப் படிக்கவேண்டியிருப்பதால் சில விஷயங்கள் எங்கள் கண்ணில் படத்தான் செய்கின்றன.

சென்ற வைகாசியில் ஓர் அம்மையார் தம் மகனை அழைத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். விழுப்புரம் பக்கத்துக் கிராமம் ஒன்றிலிருந்து தில்லிக்கு வந்தவர். எங்கள் குடியிருப்பில் நான்கு வீடுகளில் சமையல் வேலை செய்கிறார். மகன் 12ஆம் வகுப்பில் சுமாரான மதிப்பெண்களுடன் தேறியிருந்தான். நகரத்தின் எல்லையில் உள்ள ஒரு தனியார் கல்லூரியில் இடம் தருவதாகச் சொல்லியிருந்தார்கள். ஒரு வாரத்திற்குள் முன்பணம் கட்டவேண்டும். தாலியைத் தவிர மற்ற நகைகளையெல்லாம் அடகு வைக்க அவர் சித்தமாயிருந்தார். "பட்டம் வாங்கிவிட்டால் சம்பளம் தானாக வந்துவிடும் அல்லவா, அண்ணா?" என்று கேட்டார். அன்று அவருக்கு நாங்கள் சொல்ல முயன்றதையே இன்று நேயர்களுக்கும் சொல்கிறோம்.

முதலில் அவர் முன்னே ஒரு தாளை எடுத்து வைத்தோம். அது தில்லி அரசின் குறைந்தபட்ச ஊதிய அறிக்கை. 2025 ஏப்ரல் 1ஆம் தேதியிலிருந்து, பயிற்சி எதுவும் வேண்டாத வேலையைச் செய்யும் தொழிலாளிக்கு மாதம் 18,456 ரூபாய்க்குக் குறையக்கூடாது என்று அது விதித்தது. ஓரளவு பயிற்சி பெற்றவருக்கு 20,371 ரூபாய்; தொழிலில் தேர்ந்தவருக்கு 22,411 ரூபாய். அதன் கீழே குமாஸ்தாக்களுக்கென்று தனியாகச் சில வரிகள் இருந்தன. பத்தாம் வகுப்புத் தேறாதவருக்கு 20,371, பத்து தேறிப் பட்டம் பெறாதவருக்கு 22,411, பட்டதாரிக்கு 24,356.

இந்த எண்களைச் சற்று நின்று பார்க்கவேண்டும். தேர்ந்த தச்சனுக்கும் பத்தாம் வகுப்புத் தேறிய குமாஸ்தாவுக்கும் சட்டம் ஒரே விலை வைத்திருக்கிறது. அந்தக் குமாஸ்தா மேலும் ஐந்தாண்டு படித்துப் பட்டதாரியானால் அவருக்கு மாதம் 1,945 ரூபாய் கூடுகிறது. பட்டதாரிக்கும், எழுத்தே அறியாமல் மூட்டை சுமப்பவருக்கும் உள்ள வித்தியாசமோ 5,900 ரூபாய்தான். இவை குறைந்தபட்சத் தொகைகள், இதற்கு மேல் கொடுப்பதைச் சட்டம் தடுக்கவில்லை என்று சிலர் சொல்லக்கூடும். உண்மைதான். ஆனால் சிறிய கம்பெனிகளிலும் கடைகளிலும் வேலைக்குச் சேரும் புதிய பட்டதாரிகளைக் கேட்டுப் பாருங்கள். குறைந்தபட்சம் என்று சட்டம் வைத்த தொகை எத்தனை இடங்களில் எட்ட முடியாத உச்சமாக இருக்கிறது என்பதை அவர்களே சொல்வார்கள்.

அப்படியானால் பட்டதாரிகள் நிறையச் சம்பளம் வாங்குவதாகக் காண்கிறோமே, அது எப்படி? இதற்கு மத்திய சர்க்காரின் சம்பளப் பட்டியலைப் பார்க்கவேண்டும். 7ஆவது சம்பளக் கமிஷனின் சிபாரிசுப்படி 2016 ஜனவரி 1 முதல் வகுக்கப்பட்ட அடிப்படைச் சம்பளங்களையே இங்கே சொல்கிறோம். பஞ்சப்படி, வீட்டு வாடகைப்படி முதலியவை தனி. 8ஆவது கமிஷனை அமைக்க 2025 ஜனவரியில் ஒப்புதல் தரப்பட்டிருப்பதால் இந்தத் தொகைகள் மாறக்கூடியவை என்பதையும் நேயர்கள் நினைவில் கொள்ளவேண்டும்.

பத்தாம் வகுப்புத் தேறியவர் காரியாலயத்தின் கடைநிலைப் பணியில் 18,000 ரூபாயில் தொடங்குகிறார். 12ஆம் வகுப்புத் தேறியவர் கீழ்நிலைக் குமாஸ்தாவாக 19,900 ரூபாயில் தொடங்குகிறார். அதே 12ஆம் வகுப்போடு சுருக்கெழுத்தும் கற்று, நிமிஷத்திற்கு 80 சொற்கள் வேகத்தில் 10 நிமிஷம் சொல்லக் கேட்டுப் பிழையின்றி எழுதக்கூடியவர் ஸ்டெனோகிராபராக 25,500 ரூபாயில் தொடங்குகிறார். இனி பட்டதாரிகள் எழுதும் தேர்வுக்கு வருவோம். அதில் தேறி வரி இலாகாவில் உதவியாளராகச் சேருகிறவருக்கும் அதே 25,500 ரூபாய்தான். அதே தேர்வில் இன்னும் சில மதிப்பெண்கள் கூடப் பெற்றுத் தலைமைச் செயலகத்தில் உதவிப் பிரிவு அலுவலராகச் சேருகிறவருக்கு 44,900 ரூபாய்.

இதிலிருந்து இரண்டு விஷயங்கள் தெரிகின்றன. ஒன்று, கையில் பழகிய ஒரு வித்தை மூன்றாண்டுப் பட்டத்திற்கு ஈடாகச் சில இடங்களில் நிற்கிறது. எங்கள் தந்தையார் தலைமுறை இதை நன்றாக அறிந்திருந்தது. கும்பகோணத்திலும் திருச்சியிலும் திருநெல்வேலியிலும் மாடியறைத் தட்டெழுத்து நிலையங்களில் 'லோயர்', 'ஹையர்' தேறி, பிட்மன் சுருக்கெழுத்துப் புத்தகத்தைப் பெட்டியில் வைத்துக்கொண்டு கிராண்ட் டிரங்க் எக்ஸ்பிரஸில் ஏறியவர்களின் பிள்ளைகள்தாம் நம்மில் பலர். மற்றொன்று, பட்டம் என்பது கதவருகே கொண்டுபோய் விடும் சீட்டு. எந்தக் கதவு என்பதைப் பொறுத்துத்தான் சம்பளம் அமைகிறது.

கதவு மாறினால் என்ன ஆகும் என்பதற்குச் செவிலியர் தொழிலைக் காட்டிலும் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை. தில்லியின் மருத்துவமனைகளில் தமிழ்ப் பெண்களும் மலையாளப் பெண்களும் நிறையப் பேர் பணியாற்றுகிறார்கள். மத்திய சர்க்காரின் மருத்துவமனையில் செவிலியர் 44,900 ரூபாய் அடிப்படைச் சம்பளத்தில் தொடங்குகிறார். தனியார் மருத்துவமனைகளின் நிலைமையை ஆராய உச்ச நீதிமன்றத்தின் உத்தரவுப்படி அமைந்த குழு 2016இல் ஒரு சிபாரிசு செய்தது. 50 படுக்கைகளுக்குக் குறைந்த தனியார் மருத்துவமனையிலும் செவிலியருக்கு 20,000 ரூபாய்க்குக் குறையாமல் தரவேண்டும் என்பது அது. ஒரே படிப்பு, ஒரே பதிவுச் சான்று, ஒரே இரவுப் பணி. குழுவே பாதிக்கும் குறைவான தொகையைக் கேட்டுக்கொள்ள நேர்ந்தது என்றால், அதற்கு முன் என்ன கொடுத்துவந்திருப்பார்கள் என்று ஊகித்துக்கொள்ளலாம்.

அம்மையார் குறுக்கிட்டார். "அப்படியானால் சர்க்கார் வேலைக்கே போகட்டுமே!" இதைத்தான் நாடு முழுவதும் சொல்லிக்கொண்டிருக்கிறது. 2018இல் ரயில்வே இலாகா ஏறக்குறைய 90,000 இடங்களுக்கு விளம்பரம் செய்தபோது 2 கோடிக்கு மேற்பட்ட மனுக்கள் வந்தன. ஓரிடத்திற்கு 200 பேருக்கு மேல்! அதற்கு மூன்றாண்டு முன்பு, 2015இல், உத்தரப் பிரதேசத்தில் 368 பியூன் வேலைகளுக்கு மனுச் செய்தவர்கள் சுமார் 23 லட்சம் பேர். ஐந்தாம் வகுப்புப் படிப்பும் சைக்கிள் ஓட்டத் தெரிவதும் போதும் என்றிருந்த அந்த வேலைக்கு, முனைவர் பட்டம் பெற்றோர் மட்டும் 200க்கு மேல்.

கூட்டம் பெருகினால் வாசற்படியை உயர்த்துவது காரியாலயங்களின் வழக்கம். 6ஆவது சம்பளக் கமிஷனுக்குப் பிறகு மத்திய சர்க்காரின் கடைநிலைப் பணிகளுக்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி அவசியமாயிற்று. முன்னே பத்தாம் வகுப்போடு கிடைத்த குமாஸ்தா வேலைக்கு இப்போது 12ஆம் வகுப்பு வேண்டும். கடிதக் கட்டைத் தூக்கிச் செல்லும் வேலை முன்னிலும் கடினமாகிவிட்டதா என்ன? மனு எழுதுவோர் பெருகிவிட்டார்கள், அவ்வளவே. விளம்பரங்களில் 'அவசியத் தகுதி' என்றும் 'விரும்பத்தக்க தகுதி' என்றும் இரண்டு தலைப்புகள் வரும். எங்கள் உத்தியோக காலத்திலேயே முதலாவது வளர்ந்துகொண்டு போவதைப் பார்த்துவருகிறோம்.

காலியிடக் கணக்கும் ஏமாற்றக்கூடியது. 2021 மார்ச் 1ஆம் தேதி மத்திய சர்க்காரில் அனுமதிக்கப்பட்ட 40.35 லட்சம் பதவிகளில் 9.79 லட்சம் காலியாக இருந்தன. இவ்வளவு இடமிருக்கிறதே என்று மகிழ்வதற்கில்லை. விளம்பரமாக வெளிவராத காலியிடம் மனுச் செய்கிறவருக்கு இல்லாத இடமே. அதுபோலவே, இன்ன தொழில் வேகமாக வளர்கிறது என்று பத்திரிகைகளில் படிக்கிறோம். ஆயிரம் பேர் செய்யும் தொழில் இரட்டித்தால் புதிதாக ஆயிரம் பேருக்கு இடம். பத்து லட்சம் பேர் செய்யும் தொழில் நூற்றுக்கு ஒன்று வளர்ந்தாலே பத்தாயிரம் பேருக்கு இடம். அதில் ஓய்வு பெற்றுப் போகிறவர்களின் இடங்கள் வேறு. வேகத்தைக் கேட்பதோடு எண்ணிக்கையையும் கேட்கவேண்டும்.

மாதச் சம்பளம் என்பதே இந்நாட்டில் சிறுபான்மையோரின் பாக்கியம். 2023 ஜூலை முதல் 2024 ஜூன் வரை நடந்த அரசின் தொழிலாளர் கணக்கெடுப்பில், உழைப்பவர்களுள் நூற்றுக்கு 21.7 பேரே ஒழுங்கான மாத வருமானத்தில் இருந்தனர். 58.4 பேர் சொந்தத் தொழில் செய்தவர்கள். 19.8 பேர் அன்றாடக் கூலிக்கு உழைத்தவர்கள்.

எங்கள் தொழிலைப் பற்றியும் மறைக்காமல் சொல்லவேண்டும். கலைப்பாடம் படித்துவிட்டு மொழிகளையே நம்பி வாழ்கிறவர்கள் நாங்கள். இளநிலை மொழிபெயர்ப்பு அலுவலருக்குத் தொடக்கச் சம்பளம் 35,400 ரூபாய்; அதற்கு முதுகலைப் பட்டம் கேட்கிறார்கள். 2019இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புகளை மொழிபெயர்க்க 'சுவாஸ்' என்ற மென்பொருளை அறிமுகப்படுத்தியது. இன்று எங்கள் மேஜைகளுக்கு வரும் தாள்கள் பலவற்றில் முதற்படியை இயந்திரமே எழுதிவிடுகிறது. அதைத் திருத்துவதே எங்கள் வேலையாகிவருகிறது. தட்டெழுத்துக்கு நேர்ந்தது இதுதான். 1955இல் கோத்ரெஜ் கம்பெனி இந்தியாவில் தட்டெழுத்து இயந்திரம் செய்யத் தொடங்கியது. இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் அது நின்றுபோயிற்று. ஆனாலும் குமாஸ்தாத் தேர்வில் ஆங்கிலத்தில் நிமிஷத்திற்கு 35 சொற்கள் கணிப்பொறியில் அடித்துக் காட்டவேண்டும் என்ற நிபந்தனை இன்றும் இருக்கிறது. தொழில் மறைந்தது, விரல் வேகத்திற்கு மதிப்பு எஞ்சியது. மொழிபெயர்ப்பில் எது எஞ்சும் என்று எங்களுக்குள் பேசிக்கொள்கிறோம்.

இவ்வளவையும் கேட்டுவிட்டு அந்தப் பையன், "அப்படியானால் சுருக்கெழுத்தும் போய்விடுமா, மாமா?" என்று வினவினான். போகலாம் என்றே சொன்னோம். ஆனால் சொன்னதைக் கேட்டுத் தவறின்றி எழுதவும், இலக்கணப் பிழையைக் கண்டதும் கை நிற்கவும் அது பழக்கும். அதற்கு ஆகும் செலவு நகைகளை அடகு வைக்கும் அளவு இல்லை. பட்டத்தையும் விடவேண்டியதில்லை. தில்லிப் பல்கலைக்கழகம் 1962 முதல் அஞ்சல் வழியில் பட்டப்படிப்பு நடத்திவருகிறது. அந்தத் தனியார் கல்லூரி கேட்ட முன்பணம் எந்தக் கதவுக்கான சீட்டு என்பதை அங்கே சென்று, முன்னே படித்து வெளியேறிய பிள்ளைகளைக் கண்டு விசாரித்துவிட்டு வரும்படி தாயாரிடம் சொன்னோம்.

அவர் எழுந்து போன பிறகு, சம்பளக் கணக்கு எங்களை விடவில்லை. குறைந்தபட்ச ஊதியம் எப்படிக் கணக்கிடப்படுகிறது என்பதை நேயர்களில் சிலர் அறிந்திருக்கலாம். 1935 முதல் 1945 வரை குன்னூரில் இருந்த ஊட்டச்சத்து ஆராய்ச்சிச் சாலையின் தலைவராயிருந்த டாக்டர் அய்க்ராய்டின் ஆராய்ச்சியைக் கொண்டு, 1957இல் தில்லியில் கூடிய இந்தியத் தொழிலாளர் மாநாடு ஒரு விதி வகுத்தது. வளர்ந்த ஆளுக்கு நாளொன்றுக்கு 2,700 கலோரி உணவு, குடும்பத்திற்கு ஆண்டுக்கு 72 கஜம் துணி, வீட்டு வாடகை, விறகு, விளக்கு முதலிய செலவு. 1991இல் உச்ச நீதிமன்றம் இவற்றோடு இன்னொன்றைச் சேர்த்தது. குழந்தைகளின் படிப்பு, வைத்தியம், பண்டிகை, முதுமை ஆகியவற்றுக்காக ஊதியத்தில் நாலில் ஒரு பங்கு ஒதுக்கியிருக்கவேண்டும் என்றது. பிள்ளையின் படிப்புச் செலவு தாய் வாங்கும் சம்பளத்திற்குள்ளேயே இருக்கவேண்டும் என்பதே இதன் பொருள். நகையை அடகு வைக்க நேர்ந்தால், அந்தச் சம்பளத்தில் அந்தப் பங்கு இல்லை என்றே கொள்ளவேண்டும்.

அந்த அம்மையார் வேலை செய்யும் நான்கு வீடுகளில் எங்கள் வீடும் ஒன்று. நான்கு வீட்டுச் சம்பளத்தையும் ஒரு தாளில் எழுதிக் கூட்டிப் பார்த்தோம். காலை ஐந்தரை மணி முதல் மாலை வரை அவர் உழைத்துப் பெறும் தொகை, பயிற்சி வேண்டாத வேலைக்கென்று அறிக்கையில் கண்ட 18,456 ரூபாய்க்கு மூவாயிரம் குறைவாக இருந்தது. சமையல் பயிற்சி வேண்டாத வேலையா என்பதையும் சாப்பிட்டுவந்த நாங்கள் அதுவரை யோசித்ததில்லை. சம்பளம் பேசியபோது எந்த அறிக்கையையும் பார்க்கவில்லை. பக்கத்து வீட்டில் என்ன கொடுக்கிறார்கள் என்றுதான் கேட்டோம். அந்த மாதம் முதல் எங்கள் பங்கை உயர்த்தினோம். மற்ற மூன்று வீட்டாரிடமும் பேசினோம். ஒருவர் ஒப்புக்கொண்டார். ஒருவர் யோசித்துச் சொல்வதாகச் சொன்னார், இன்னும் யோசிக்கிறார். மூன்றாமவர், சர்க்கார் சம்பளம் வாங்குகிறவர்களால்தான் விலைவாசி ஏறுகிறது என்று எங்களுக்கே உபதேசம் செய்தார்.

கல்லூரிக்கு முன்பணம் கட்டவில்லை. பையன் அஞ்சல் வழிப் படிப்பில் சேர்ந்து, காலையில் சுருக்கெழுத்து வகுப்புக்கும் பிற்பகலில் ஒரு மருந்துக் கடைக்கும் போய்வருகிறான். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டுத் தாழ்வாரத்தில் பத்திரிகைத் தலையங்கத்தை நாங்கள் படிக்க, அவன் எழுதுகிறான். இப்போது நிமிஷத்திற்கு 62 சொல் வந்திருக்கிறது.