ராஜாவின் வீரமும் ராணியின் முடிவும்

(மகளிர் தின விழாவில் பேசியதன் எழுத்து வடிவம்)



செஞ்சிக் கோட்டையைப் பார்க்காதவர்கள் நம்மில் இருக்க மாட்டார்கள். 2025 ஜூலையில் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது நம் விழுப்புரம் மாவட்டத்துக்கே பெருமை. செஞ்சி என்றாலே தேசிங்கு ராஜன்தான். ஆற்காடு நவாபு சாதத்துல்லா கானின் பெரும் படையை ஒரு சிறு படையோடு எதிர்த்து, 1714-இல் மாண்டான். வயது 22 என்பார்கள். சண்டைக்குக் காரணம் கப்பப் பாக்கி.

அவன் மனைவி உடன்கட்டை ஏறினாள். ராணிப்பேட்டைக்குப் பெயர் வந்தது அவள் நினைவாகத்தான் என்று சொல்வார்கள். தேசிங்கின் குதிரை எது என்றால் பெரியவர்கள் உடனே "பாராசாரி" என்பார்கள். ராணியின் பெயரைக் கேட்டால் யோசிப்போம்.

ஆணுக்குச் சாவதுதான் வீரம், பெண்ணுக்கு அவன் பின்னால் சாவதுதான் கற்பு என்று வைத்திருந்தோம். பாக்கியைப் பேசித் தீர்த்திருந்தால் அந்தப் பையனைக் கோழை என்றிருப்போம். இரண்டு இளம் உயிர்கள் போனதைத்தான் பெருமையாகப் பாடுகிறோம்.

உடன்கட்டையை 1829-இல் வங்காளத்தில் தடை செய்தார்கள், அடுத்த ஆண்டே சென்னை மாகாணத்திலும் தடை வந்தது. ஆனால் "ஆண் காப்பான், பெண் பின்னால் நிற்பாள்" என்ற எண்ணம் போகவில்லை. வங்கிக் கவுன்டரில் அதை நிறையப் பார்த்திருக்கிறேன். கணவர் இறந்த பிறகு ஒரு மஞ்சள் பை நிறையக் காகிதத்தோடு அந்த அம்மா வருவார். "எல்லாம் அவரே பாத்துக்கிட்டாரு சார்" என்பார். எந்தக் கிளையில் டெபாசிட், லாக்கர் சாவி எங்கே, எதுவும் தெரியாது. மனைவிக்குக் கஷ்டம் கொடுக்கக் கூடாது என்றுதான் அவர் நினைத்திருப்பார். கடனை வீட்டில் சொல்லாமல் தனியாகச் சுமந்து, நோட்டீஸ் வந்த பிறகு உடைந்துபோன ஆண்களும் உண்டு. அவர்களுக்கும் "ஆம்பளை கலங்கக் கூடாது" என்றுதான் சொல்லி வளர்த்திருந்தோம்.

ஆகவே இந்த வாரமே கணவனும் மனைவியும் சேர்ந்து உட்காருங்கள். கணக்கு, கடன், இன்சூரன்ஸ் எல்லாவற்றையும் ஒரே நோட்டில் எழுதுங்கள். நாமினி பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். 2025 நவம்பர் முதல் ஒரு டெபாசிட்டுக்கு நான்கு பேர் வரை நியமிக்கலாம்.

நம் சங்கத்திலும் சம்ப் மோட்டார், லிஃப்ட், வரவு செலவுப் பொறுப்புகளுக்குப் பெண்கள் வரட்டும். அடுத்த பொங்கலுக்குப் பானையை ஆண்கள் ஏற்றட்டும். யாருடைய வீரமும் இதனால் குறையாது.