உருவமும் அருவமும்: ஓவியர் கெர்ஹார்ட் ரிக்டர்



ஓவியத்தை உருவ ஓவியம், அருவ ஓவியம் என இரண்டாகப் பகுத்துக் காண்பது வழக்கம். மனிதரையும் மரத்தையும் கண்டவாறே தீட்டுவது முன்னது. எப்பொருளையும் காட்டாது வண்ணங்களால் மட்டுமே உணர்வை எழுப்புவது பின்னது. இவ்விரண்டிலும் ஒருங்கே தேர்ந்தவர் சிலரே. அவருள் முதன்மையானவராக மதிக்கப்பெறுபவர் ஜெர்மானிய ஓவியர் கெர்ஹார்ட் ரிக்டர். உள்ளதை உள்ளவாறே வரையும் ஆற்றல் வாய்ந்த ஒருவர், வரைந்ததைத் தாமே மறைத்தது ஏன்? அவருடைய வாழ்வே இவ்வினாவிற்கு விடை தருகிறது.

ரிக்டர் 1932இல் டிரெஸ்டன் நகரில் பிறந்தார். மறு ஆண்டே ஹிட்லரின் ஆட்சி தொடங்கியது. போருக்குப் பின் கிழக்கு ஜெர்மனியில் ஓவியம் பயின்று, அரசு விரும்பிய முறையில் சுவரோவியங்கள் தீட்டினார். 1959இல் காசெல் நகரக் கண்காட்சியில் கண்ட அருவ ஓவியங்கள் அவர் உள்ளத்தை அசைத்தன. 1961இல், பெர்லின் சுவர் எழுவதற்குச் சில மாதங்களுக்கு முன், மனைவியுடன் மேற்கு ஜெர்மனிக்குச் சென்றார்.

அங்கே குடும்ப ஒளிப்படங்களைப் பார்த்து வரையலானார். 1965இல் தீட்டிய ஓர் ஓவியத்தில் பதினான்கு வயதுச் சிறுமி ஒருத்தி, கைக்குழந்தையின் பின்னே நிற்கிறாள். குழந்தை ரிக்டர், சிறுமி அவருடைய சித்தி மரியான். பின்னாளில் மனநோய்க்கு ஆளான அவரை, வாழத் தகுதியற்றவர் எனக் கருதியது அன்றைய அரசு. கட்டாயக் கருத்தடைக்கு உள்ளாக்கப்பெற்று, மருத்துவமனையிலேயே பட்டினியால் நலிந்து 1945இல் மாண்டார். அதே ஆண்டில் வரைந்த மற்றோர் ஓவியத்தில், தாய்மாமன் ரூடி அவ்வரசின் படைச்சீருடையில் புன்னகையுடன் நிற்கிறார். நோயாளிகளைக் கொல்லும் திட்டத்தை நடத்திய மருத்துவர் வெர்னர் ஹைடே கைதான காட்சியையும் அவ்வாண்டிலேயே தீட்டினார். கொல்லப்பட்டவரும் கொன்ற அரசின் படைவீரரும் ஒரே குடும்பத்தினர் என்பதே இதிலுள்ள பெருந்துயரம்.

இவ்வோவியங்களை முதலில் ஒளிப்படம் போன்றே துல்லியமாக வரைந்தார். பின்னர் வண்ணம் உலருமுன் உலர்ந்த தூரிகையை அதன்மீது மெல்ல இழுத்தார். கோடுகள் கரைந்தன; முகங்கள் பனிமூட்டத்தில் காண்பவை போல் ஆயின. அருகிருந்தும் எட்டாத முகங்கள் அவை. மாமன் ரூடியின் ஓவியத்தை, 1942இல் நாஜிப் படைகள் அழித்த லிடிசே என்னும் செக் நாட்டுச் சிற்றூரின் நினைவுத் தொகுப்பிற்கே வழங்கினார். தம் குடும்பத்தின் நிழலை மறைக்காது, துயருற்றோரின் முன்னிலையிலேயே வைத்த நேர்மை அது.

இந்நெறியின் முதிர்ச்சியை 2014இல் தீட்டிய ‘பிர்கெனாவ்’ என்னும் நான்கு ஓவியங்களில் காணலாம். 1944இல் அவ்வதைமுகாமின் கைதிகள், உயிரைப் பணயம் வைத்து மறைவாக நான்கு ஒளிப்படங்கள் எடுத்தனர். படச்சுருள் பற்பசைக் குழாய் ஒன்றில் ஒளித்து வெளியே அனுப்பப்பெற்றது. அப்படங்களை ரிக்டர் நான்கு பெரிய கித்தான்களில் பெயர்த்து வரையத் தொடங்கினார். மனம் நிறைவுறவில்லை. எனவே அவற்றின்மேல் வண்ணத்தைப் பூசினார், நீண்ட பட்டையால் இழுத்தார், சுரண்டினார், மீண்டும் பூசினார். இறுதியில் கருமை, சாம்பல், வெண்மை ஆகியவற்றினூடே சிவப்பும் பச்சையும் எஞ்சின. உருவங்கள் முற்றும் மறைந்தன.

இதனை மறைப்பு என்று கூறலாமா? கூறுவது பொருந்தாது. மறைப்பவர் மூலத்தைக் காட்டமாட்டார். ரிக்டரோ, அந்நான்கு ஒளிப்படங்களின் படிகளையும் ஓவியங்களுடன் சேர்த்தே காட்சிக்கு வைத்தார். பிறர் பட்ட கொடுந்துயரைக் கண்ணுக்கினிய ஓவியமாக்கினால், காண்போர் கைத்திறனை வியந்து கடந்துவிடக்கூடும். அருவமோ அவர்களைக் கடந்துபோக விடுவதில்லை. அடியில் ஒன்று புதைந்திருக்கிறது என்னும் அறிவு அவர்களை நிற்கச் செய்கிறது.

ஓவியங்களின் எதிரே சாம்பல் நிறக் கண்ணாடிகளையும் அவர் அமைத்தார். அங்கு நிற்பவர் அவ்வோவியங்களின் நடுவே தம் முகத்தையும் காண்கிறார். வரையப்படாத அந்த ஓர் உருவம், காண்பவருடையதே. ‘இத்தகைய கொடுமை நிகழ்ந்தபோது வாழ்ந்திருந்தால் எப்பக்கம் நின்றிருப்பாய்?’ என்று அது வினவுகிறது. அதற்குரிய விடையை ஓவியர் எழுதவில்லை; எழுத வேண்டியவர் காண்பவரே.